பக்கத்தில் நிற்பவரின் தொழில்

1964-இல் வந்த 'காதலிக்க நேரமில்லை' படத்தில் செல்லப்பா தன் அப்பாவுக்குப் பேய்க்கதை சொல்லும் காட்சியைப் பார்க்காத தமிழர் குறைவு. மகன் நாகேஷ், படம் எடுக்கப் பணம் கேட்டு நச்சரிப்பவர். அப்பா டி.எஸ். பாலையா, பணத்தை இறுக்கிப் பிடித்திருப்பவர். காட்சி முழுக்கப் பேசுவது நாகேஷ்தான். பின்னணிச் சத்தம் அத்தனையையும் வாயாலேயே போடுவதும் அவர்தான். பாலையா உட்கார்ந்த இடத்தை விட்டு நகராமல் கேட்கிறார், அவ்வளவே. அரைமனசோடு கேட்க ஆரம்பிக்கிறார், கொஞ்சம் கொஞ்சமாகக் கதைக்குள் இழுபடுகிறார், கடைசியில் நிஜமாகவே நடுங்கிப் போகிறார். நாகேஷின் குரலை மட்டும் தனியே கேட்டுப் பாருங்கள், நன்றாகத்தான் இருக்கும். ஆனால் அறுபது வருடமாக நம்மைச் சிரிக்க வைத்துக்கொண்டிருப்பது பாலையாவின் முகம். அந்த முகம் பயப்படுவதால்தான் நாகேஷ் சொல்வது கதையாகிறது.

குணச்சித்திர நடிகரின் தொழில் என்னவென்று யாராவது கேட்டால் நான் இந்தக் காட்சியைத்தான் காட்டுவேன். அடுத்தவருடைய காட்சிக்குள் போய் நின்று அதை நம்ப வைப்பதுதான் அந்தத் தொழில். நாயகன் பெரியவன் என்று நாயகனே சொல்லிக்கொள்ள முடியாது. எதிரில் நிற்பவரின் கண்ணில் அது தெரிய வேண்டும். வில்லன் கொடியவன் என்பது அவனுக்கு முன்னால் கைகட்டி நிற்கும் கணக்கப்பிள்ளையின் உடம்பில் தெரிய வேண்டும். இந்த வேலையை ஒழுங்காகச் செய்பவரை மறுபடி கூப்பிடுவார்கள். அப்படிக் கூப்பிடக் கூப்பிட, நாற்பது வருடம் ஓடிப்போகும். உச்சமும் வீழ்ச்சியுமாக எழுதப்படும் நட்சத்திர வரலாறு போல இந்த வாழ்க்கையை எழுத முடியாது. இது மறுபடி மறுபடி வந்த அழைப்புகளின் கணக்கு.

பாலையாவையே எடுத்துக்கொள்வோம். அவர் திரைக்கு வந்தது 1936-இல், எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கிய 'சதி லீலாவதி'யில். எம்.ஜி.ஆருக்கும் என்.எஸ். கிருஷ்ணனுக்கும் அதே படம்தான் தொடக்கம். எம்.ஜி.ஆர். நட்சத்திரமானார், முதல்வரானார். என்.எஸ்.கே. கலைவாணர் ஆனார். பாலையா வில்லனாக, அப்பாவாக, பணக்காரராக, ஏமாளியாகப் படம் படமாக மாறிக்கொண்டே இருந்தார். 'காதலிக்க நேரமில்லை'க்கு அடுத்த வருடமே 'திருவிளையாடல்' வந்தது. அதில் அவர் ஹேமநாத பாகவதர். பாண்டிய நாட்டையே பாட்டால் வெல்ல வந்தவரின் செருக்கு, நடையிலும் துண்டைப் போட்டிருக்கும் விதத்திலும் தெரியும். விறகுவெட்டியாக வரும் சிவாஜி பாடும்போது அந்தச் செருக்கு உடைய வேண்டும். உடைவது பெரிதாகத் தெரிய வேண்டுமானால் அதற்கு முன் செருக்கு பெரிதாக இருந்திருக்க வேண்டும். சிவாஜியின் வெற்றிக்கு அளவுகோல் பாலையாவின் கர்வம். 1968-இல் 'தில்லானா மோகனாம்பாள்' வந்தபோது அவர் நாதஸ்வரக்காரருக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் தவில் வித்வான். முதலில் எதிரே, பிறகு பக்கத்தில். இரண்டு இடமும் அவருக்கு ஒன்றுதான்.

படப்பிடிப்புத் தளத்தில் இது எப்படி நடக்கிறது என்று தெரிந்தால் அந்த வேலையின் கஷ்டம் புரியும். இரண்டு பேர் பேசும் காட்சி என்றால் முதலில் இருவரையும் சேர்த்து ஒரு ஷாட் எடுப்பார்கள். அப்புறம் ஒருவரின் தோளுக்குப் பின்னாலிருந்து மற்றவர் முகத்தைப் பார்க்கும் சஜஷன் ஷாட். அப்புறம் குளோசப். பெரும்பாலும் நாயகனின் குளோசப்பை முதலில் முடித்துவிடுவார்கள், ஏனென்றால் அவருடைய நேரம் விலை அதிகம். எதிரில் நிற்கும் குணச்சித்திர நடிகர், கேமரா தன்னைப் பார்க்காதபோதும், நாயகனுக்காக வசனத்தை அதே உணர்ச்சியோடு சொல்ல வேண்டும். அவர் முறை வரும்போது மாலையாகியிருக்கும், வெளிச்சம் இறங்கத் தொடங்கியிருக்கும். சில சமயம் நாயகன் வேறு படப்பிடிப்புக்குக் கிளம்பிப் போயிருப்பார். அவர் நின்ற இடத்தில் ஓர் உதவி இயக்குநர் காகிதத்தைப் பார்த்து வசனத்தைத் தட்டையாக வாசிப்பார். அந்த வெற்றுக் குரலைக் கேட்டுத்தான் இவர் கண் கலங்க வேண்டும். அதையும் இரண்டு டேக்குக்குள் முடித்தாக வேண்டும். திரையில் பார்க்கும் நமக்கு இருவரும் முகத்துக்கு முகம் பார்த்துப் பேசியதாகத்தான் தோன்றும்.

அதனால்தான் இயக்குநர்கள் சிலரைத் திரும்பத் திரும்பக் கூப்பிடுகிறார்கள். 'அவர் இருந்தால் அந்தக் காட்சியைப் பற்றிக் கவலை இல்லை' என்ற நினைப்புதான் இவர்களின் மூலதனம்.

சம்பளக் கணக்கும் இதையொட்டியே ஓடுகிறது. நாயகனுக்குப் படத்துக்கு மொத்தமாகப் பேசுவார்கள். குணச்சித்திர நடிகர்களில் பலருக்கு நாள் கணக்கு. எத்தனை கால்ஷீட், ஒரு கால்ஷீட்டுக்கு எவ்வளவு என்று புரொடக்‌ஷன் மேனேஜர் பேசுவார். பத்து நாள் கேட்டிருப்பார்கள், திரைக்கதை திருத்தப்பட்டதில் அது ஆறு நாளாகிவிடும். அந்த நான்கு நாளுக்காக அவர் வேறொரு படத்தை விட்டிருப்பார். டப்பிங்குக்கு வந்தால்தான் மீதிச் சம்பளம் என்பது பழைய வழக்கம். படத்தொகுப்பில் ஒரு காட்சியைத் தூக்க வேண்டி வந்தால் முதலில் போவது இவர்கள் காட்சிதான், ஏனென்றால் கதை அறுபடாமல் எடுக்கக்கூடியது அதுவாகத்தான் இருக்கும். படம் தொலைக்காட்சியில் நூறு தடவை ஓடினாலும் அதிலிருந்து நடிகருக்குப் பங்கு வருவது இங்கே வழக்கமில்லை. ஒரு தடவை வாங்கிய சம்பளம்தான். ஆகவே ஒரே நேரத்தில் நான்கைந்து படங்கள் கையில் இருந்தால்தான் குடும்பம் ஓடும். நானூறு படம், ஐநூறு படம் என்று இவர்களைப் பற்றிச் சொல்லும்போது நாம் வியக்கிறோம். அந்த எண்ணிக்கைக்குள் ஆசையும் இருக்கிறது, தேவையும் இருக்கிறது.

இந்தத் தொழிலை ஒரே ஆளை வைத்து விளக்கச் சொன்னால் நான் டெல்லி கணேஷைத்தான் சொல்வேன். 1944-இல் தூத்துக்குடிக்குப் பக்கத்திலுள்ள வல்லநாட்டில் பிறந்தவர். 1964 முதல் 1974 வரை இந்திய விமானப்படையில் இருந்தார். டெல்லியில் தட்சிண பாரத நாடக சபாவின் நாடகங்களில் நடித்தார். விசுவின் நாடகத்தை கே. பாலசந்தர் 1977-இல் 'பட்டினப் பிரவேசம்' என்று படமாக்கியபோது சினிமாவுக்கு வந்தார். பெயருக்கு முன்னால் 'டெல்லி'யைச் சேர்த்தவரும் பாலசந்தர்தான். அப்போது அவருக்கு வயது 33. நாயகனாக முயன்று பார்த்து, முடியாமல் குணச்சித்திரத்துக்கு இறங்கியவர் அல்ல. வந்ததே இந்த வேலைக்குத்தான்.

இரண்டு வருடம் கழித்து துரை இயக்கிய 'பசி' வந்தது. குப்பை பொறுக்கும் குப்பம்மாவாக ஷோபா. அந்தப் படத்துக்குத்தான் அவருக்குத் தேசிய விருது கிடைத்தது. குப்பம்மாவின் அப்பா முனியாண்டி, சைக்கிள் ரிக்‌ஷா ஓட்டுபவர், டெல்லி கணேஷ். நாடக மேடையில் நடுத்தரவர்க்க வசனம் பேசிப் பழகிய ஒருவர், மெட்ராஸ் குடிசைப் பகுதியின் உடம்பையும் பேச்சையும் எடுத்துக்கொண்டார். தமிழக அரசின் சிறப்புப் பரிசு அதற்குக் கிடைத்தது. இங்கேதான் எனக்கு ஓர் ஆதங்கம். 'பசி'யைப் பார்த்த பிறகும் தமிழ் சினிமா அவரைப் பெரும்பாலும் வேட்டி கட்டிய, குரல் தாழ்த்திப் பேசும், நல்ல மனசுள்ள மாமாவாகவே கூப்பிட்டது. முனியாண்டியைப் போல இன்னும் ஐந்தாறு பேர் அவரிடமிருந்து வந்திருக்க முடியும்.

ஆனால் கிடைத்ததற்குள்ளேயே அவர் செய்தது எவ்வளவு என்று பாருங்கள். 'சிந்து பைரவி' 1985. சிவகுமார் கர்நாடக சங்கீத வித்வான் ஜே.கே.பி. அவருக்கு மிருதங்கம் வாசிப்பவர் குருமூர்த்தி, அதாவது டெல்லி கணேஷ். குடித்துவிட்டுக் கச்சேரிக்கு வந்தார் என்பதற்காக அவரை மேடையேற்ற மறுத்து, மிருதங்கமே இல்லாமல் ஜே.கே.பி. பாடிவிடுவார். ஜே.கே.பி.யின் ஒழுக்கம் எவ்வளவு கறாரானது என்பதை பாலசந்தர் நமக்குக் காட்டும் இடம் அது. அந்த ஒழுக்கத்தின் பாரத்தைச் சுமப்பது குருமூர்த்தியின் தலைகுனிவு. பிற்பாதியில் ஜே.கே.பி.யே குடியில் விழுகிறார். அப்போது நமக்கு முதலில் ஞாபகம் வருவது குருமூர்த்திதான். படத்தில் அவர் நிற்கும் நேரம் குறைவு. ஆனால் நாயகனின் ஏற்றத்தையும் இறக்கத்தையும் அளக்கும் கோல் அவர்தான். அந்த முதல் அவமானத்தில் அவர் கொஞ்சம் மிகையாக அழுதிருந்தால் நாம் ஜே.கே.பி.யை வெறுத்திருப்போம், கொஞ்சம் திமிராக நின்றிருந்தால் குருமூர்த்தியை மறந்திருப்போம். இரண்டுக்கும் நடுவே, தப்பு தன்மேல்தான் என்று தெரிந்த ஒரு நல்ல கலைஞனாக நின்றார்.

அவரைப் பழக்கப்பட்ட அச்சிலிருந்து வெளியே எடுத்தவை கமல்ஹாசனின் படங்கள். 'நாயகன்' படத்தில் (1987) வேலு நாயக்கரின் கூட்டத்திலேயே ஓர் ஐயர். 1989-இல் 'அபூர்வ சகோதரர்கள்' படத்தில் அப்பாவைக் கொன்ற நால்வரில் ஒருவர், பிரான்சிஸ் அன்பரசு. அந்த நால்வரையும் தேர்ந்தெடுத்த விதமே அழகு: பழைய துப்பறியும் நாயகன் ஜெய்சங்கர், சிரிப்பு நடிகர் நாகேஷ், அப்போதுதான் வளர்ந்துவந்த நாசர், நல்ல மாமாவான டெல்லி கணேஷ். நமக்குப் பழகிய முகங்கள் கொலைகாரர்களாக வரும்போதுதான் வயிற்றைக் கலக்குகிறது. அடுத்த வருடமே 'மைக்கேல் மதன காம ராஜன்'. பாலக்காட்டுச் சமையல்காரர் மணி ஐயர், சாம்பாரில் மீன் விழுந்துவிட்டது என்பதை மறைக்க முடியாமல் தவிக்கும் அப்பா. கிரேசி மோகனின் வசனத்தைப் பேச எத்தனையோ பேருக்கு வரும். ஆனால் அந்த வசனத்துக்கு நடுவே, மானம் போகப்போகிறது என்ற பயத்தை உண்மையாக வைத்துக்கொள்வதுதான் கஷ்டம். மணி ஐயருக்கு அது சிரிப்புக் காட்சி இல்லை. நாம் சிரிப்பதே அதனால்தான். திருநெல்வேலிச் சீமைக்காரரின் வாயில் அந்தப் பாலக்காட்டுப் பேச்சு அத்தனை இயல்பாக உட்கார்ந்தது தனிக்கதை.

2024 நவம்பர் 9 அன்று, 80 வயதில், அவர் காலமானார். 400-க்கு மேல் படங்கள். அன்று பலரும் பகிர்ந்தவை முழுக் காட்சிகள் அல்ல, ஓரிரு பார்வைகளும் ஓரிரு வரிகளும்தான். இந்த வகை நடிகர் நம் நினைவில் தங்குவது அப்படித்தான்.

அச்சில் சிக்குவதைப் பற்றிப் பேசும்போது வி.கே. ராமசாமியைச் சொல்லாமல் விட முடியாது. 1926-இல் பிறந்தவர், ஏவி.எம். 1947-இல் எடுத்த 'நாம் இருவர்' படத்தில் அறிமுகமானார், கிழவராக. இருபத்தொன்றாம் வயதில் போட்ட முதுமை வேடம் பிறகு கழலவே இல்லை. இளைஞனாக நடிக்க வாய்ப்பே வராமல், நிஜ வயதும் வேட வயதும் ஒரு கட்டத்தில் ஒன்று சேரும்வரை நடித்தார். கேட்கப் பாவமாக இருந்தாலும், நாயகனாக வந்தவர்களில் பலர் பதினைந்து வருடத்தில் காணாமல் போனபோது அவர் அரை நூற்றாண்டு இருந்தார். அச்சு என்பது கூண்டுதான், ஆனால் மாதம் தவறாமல் சோறு போடும் கூண்டு. எஸ்.வி. ரங்காராவும் இதே வழியில்தான் வந்தார். அவர் 1918-இல் பிறந்தவர், சிவாஜி 1928. பத்தே வயது மூத்தவர், 'படிக்காத மேதை'யில் சிவாஜியை வளர்த்த பெரியவராக வந்தபோது யாரும் வயதைக் கணக்குப் பார்க்கவில்லை. 1974-இல் அவர் காலமானபோது வயது 56தான் என்றால் இன்றும் பலர் நம்ப மாட்டார்கள். நம் மனசில் அவர் எப்போதுமே எழுபது வயதுக்காரர்.

பெண்களுக்கு இந்த வயது விளையாட்டு இன்னும் கொடுமையாக நடந்தது. 'பராசக்தி'யில் (1952) சிவாஜியின் காதலியாக, அறிவும் பேச்சும் உள்ள விமலாவாக வந்தவர் பண்டரிபாய். 1969-இல் 'தெய்வ மகன்' வந்தபோது சிவாஜிக்கு மூன்று வேடம்: ஓர் அப்பா, இரண்டு மகன்கள். பண்டரிபாய் அந்த அப்பாவுக்கு மனைவி, அந்த மகன்களுக்கு அம்மா. பதினேழு வருடத்தில் சிவாஜி இளைஞனாகவே இருக்க முடிந்தது, பண்டரிபாய் அதே சிவாஜிக்கு அம்மாவானார். வடிவுக்கரசி 1985-இல் 'முதல் மரியாதை'யில் சிவாஜியின் மனைவி. அந்தப் பொன்னாத்தாவின் வாயையும் வன்மத்தையும் யாராலும் மறக்க முடியாது. 1997-இல் 'அருணாச்சலம்' படத்தில் ரஜினிக்குப் பாட்டி. நிஜத்தில் ரஜினியைவிட இளையவர். கூன் முதுகோடு, பார்க்கவே அச்சம் தரும் ஒரு கிழவியாக அவர் நின்றதைப் பார்த்தால் நடிகையின் துணிச்சலுக்குக் கை தட்டத் தோன்றும். ஆனால் அந்த வயதில் ஓர் ஆண் நடிகருக்கு என்ன வேடம் வந்திருக்கும் என்றும் கேட்கத் தோன்றும்.

இந்தச் சுவரில் கொஞ்சம் விரிசல் விழுந்தது சரண்யா பொன்வண்ணனால். 'நாயகன்' படத்தின் நாயகியாக வந்து, விலகி, 2000-களில் அம்மாவாகத் திரும்பினார். 'தவமாய் தவமிருந்து', 'எம் மகன்' என்று அடுத்தடுத்து வந்த படங்களில் அம்மா என்ற வேடத்துக்குள் பிடிவாதமும் வெகுளித்தனமும் கோபமும் வந்தன. 2010-இல் வந்த 'தென்மேற்குப் பருவக்காற்று' அவருக்குச் சிறந்த நடிகைக்கான தேசிய விருதைக் கொடுத்தது. கவனியுங்கள், துணை நடிகைக்கான விருது அல்ல, சிறந்த நடிகை விருது. அம்மாவின் கதைதான் படத்தின் கதை என்று நடுவர்கள் ஒப்புக்கொண்டதாகத்தான் அதை நான் எடுத்துக்கொள்கிறேன். மனோரமா பற்றி எழுத ஆரம்பித்தால் தனிப் புத்தகம் வேண்டும். 1,000 படங்களுக்கு மேல் நடித்து கின்னஸ் பதிவில் இடம்பெற்றவர், 'புதிய பாதை'க்காக 1989-ஆம் ஆண்டின் சிறந்த துணை நடிகை என்ற தேசிய விருது பெற்றவர். 'தில்லானா மோகனாம்பாள்' படத்தின் ஜில் ஜில் ரமாமணி ஒன்றே போதும் அவர் யார் என்று சொல்ல.

இவர்களின் பெயர்களையே ஒரு வரிசையாக வைத்துப் பார்த்தால் தொழிலின் கதை தெரியும். மேஜர் சுந்தரராஜன், தேங்காய் சீனிவாசன், வெண்ணிற ஆடை மூர்த்தி, நிழல்கள் ரவி, தலைவாசல் விஜய், பூ ராமு, ஆடுகளம் நரேன். 'மேஜர் சந்திரகாந்த்' நாடகத்தில் சுந்தரராஜன் போட்ட வேடம் அவர் பெயரோடு ஒட்டிக்கொண்டது. 'கல் மணம்' நாடகத்தில் தேங்காய் வியாபாரியாக வந்த சீனிவாசனுக்கு அந்தப் பட்டத்தைச் சூட்டியவர் கே.ஏ. தங்கவேலு. பெரிய நட்சத்திரத்துக்குத் திலகம், நாயகம், தளபதி என்று பட்டம் கிடைக்கும். இவர்களுக்குக் கிடைப்பது தாங்கள் செய்த ஒரு நல்ல வேலையின் பெயர். மரியாதையிலேயே பெரிய மரியாதை இது என்று எனக்குத் தோன்றும். ஆனால் அடுத்த நூறு படத்தில் எதைச் செய்தாலும் அந்த முதல் வேலையின் நிழலில்தான் செய்ய வேண்டியிருக்கும் என்பதும் அதற்குள் இருக்கிறது.

எங்கிருந்து வருகிறார்கள் என்பதும் காலத்துக்குக் காலம் மாறியிருக்கிறது. ஆரம்பத்தில் பாய்ஸ் கம்பெனி நாடகங்கள். எட்டு, பத்து வயதில் சேர்ந்து, பாட்டும் வசனமும் அடியும் வாங்கி வளர்ந்தவர்கள் வந்தார்கள். பிறகு சபா நாடகங்கள். டெல்லியிலிருந்து டெல்லி கணேஷ் மட்டுமா வந்தார்? அகில இந்திய வானொலியில் செய்தி வாசித்த பூர்ணம் விஸ்வநாதனும் டெல்லி நாடக மேடையைப் பார்த்தவர்தான். சென்னையில் சுஜாதாவின் நாடகங்களை மேடையேற்றிக்கொண்டே சினிமாவில் அப்பாவாக வந்தார். 2000-க்குப் பிறகு வாசல் வேறு பக்கம் திறந்தது. வீதி நாடகத்திலிருந்து 'பூ' (2008) வழியாக வந்தவர் ராமு. 'சூரரைப் போற்று' (2020), 'கர்ணன்' (2021) என்று அவர் செய்த கிராமத்து மனிதர்கள் யாருக்கும் அலங்கார வசனம் இல்லை. 2022-இல் அவர் போனபோது தமிழ் சினிமா ஓர் அப்பாவை இழந்தது என்றே எழுதத் தோன்றியது. 'பரியேறும் பெருமாள்' படத்தில் (2018) பரியனின் அப்பாவாக வந்த தங்கராஜ், பெண் வேடமிட்டு ஆடிய நாட்டுப்புறக் கலைஞர். பலர் பார்க்க அவர் அவமானப்படும் காட்சியில் நாம் பார்ப்பது பயிற்சியால் வந்த நடிப்பு மட்டும் அல்ல, ஒரு வாழ்நாளின் உடம்பு.

அதே படத்தில் நாயகியின் அப்பாவாக நின்றவர் ஜி. மாரிமுத்து. தொலைக்காட்சி இந்தத் தொழிலை எப்படி மாற்றியது என்பதற்கு அவரைவிட நல்ல சாட்சி இல்லை. உதவி இயக்குநராக வருடக்கணக்கில் உழைத்தவர், 'கண்ணும் கண்ணும்' (2008), 'புலிவால்' (2014) என்று இரண்டு படங்களை இயக்கியவர். படங்களில் போலீஸ், அப்பா, அதிகாரி என்று வந்துகொண்டிருந்தார். பார்த்தால் தெரியும், பெயர் தெரியாது. 'எதிர்நீச்சல்' தொடரில் ஆதி குணசேகரனாக வந்த பிறகு, அவர் 'ஏம்மா ஏய்' என்று கூப்பிடும் அந்தத் தொனியைத் தமிழ்நாட்டில் பேசிக் காட்டாத வீடு இல்லை. வீட்டுப் பெண்களை அடக்கி வைக்கும் ஓர் ஆணை அவர் கேலிச் சித்திரமாக்கவில்லை. தான் செய்வதெல்லாம் குடும்ப நன்மைக்கே என்று முழுசாக நம்பும் ஆளாகச் செய்தார். அதனால்தான் பெண்கள் அந்த ஆளைத் தங்கள் வீட்டில் அடையாளம் கண்டார்கள். 2023 செப்டம்பர் 8 அன்று அந்தத் தொடருக்கு டப்பிங் பேசிக்கொண்டிருந்தபோதே மாரடைப்பு வந்து இறந்துபோனார். அதற்கு முந்தைய மாதம்தான் 'ஜெயிலர்' வெளியாகியிருந்தது. குணசேகரன் வேடத்துக்கு வேல ராமமூர்த்தி வந்தார், தொடர் நிற்கவில்லை. சீரியலின் ஓட்டம் அப்படி. வாரத்தில் ஐந்தாறு நாள் ஒளிபரப்பாக வேண்டும், யாருக்காகவும் நிறுத்த முடியாது.

1993-இல் சன் தொலைக்காட்சி வந்து, அதன் பின் நெடுந்தொடர்கள் பெருகியபோது குணச்சித்திர நடிகருக்கு முதல் தடவையாக மாதச் சம்பளம் மாதிரி ஒன்று கிடைத்தது. மாதத்தில் இத்தனை நாள் என்று பேசி, இரண்டு மூன்று வருடம் ஒரே வேடம். சினிமாவில் மூன்று காட்சியில் முடிந்துபோகும் அப்பா, 'மெட்டி ஒலி'யில் (2002–2005) ஐந்து பெண்களைப் பெற்ற சிதம்பரமாக, டெல்லி குமாரின் முகத்தில், வருடக்கணக்கில் தினமும் வீட்டுக்கு வந்தார். ஒரு மகளின் கல்யாணக் கவலை தீர்வதற்குள் அடுத்த மகளின் புகுந்தவீட்டுத் தகராறு. பெரிய திரை எந்தக் குணச்சித்திர நடிகருக்கும் கொடுக்காத ஒன்று இது: நேரம்.

அதற்கு விலையும் உண்டு. ஒரு நாளைக்கு எடுத்துத் தள்ள வேண்டிய காட்சிகள் சினிமாவைவிடப் பல மடங்கு. வசனத் தாள் சில சமயம் அன்று காலைதான் கைக்கு வரும். மனப்பாடம் செய்ய நேரம் இல்லை, பின்னாலிருந்து ஒருவர் எடுத்துக்கொடுக்க அதைக் கேட்டபடியே பேச வேண்டும். ரியாக்‌ஷன் என்றால் மூன்று பக்கத்திலிருந்து மூன்று தடவை கேமரா பாய, பின்னணி இசை அடிக்க, முகத்தைத் திருப்பிக் காட்ட வேண்டும். பாலையா செய்தது போன்ற, மெல்ல மெல்ல மாறும் முகத்துக்கு அங்கே இடம் குறைவு. அந்த அவசரத்துக்கு நடுவிலும் தன் நிதானத்தை விடாதவர்களைப் பார்க்கும்போது எனக்குத் தனி மதிப்பு வருகிறது.

எம்.எஸ். பாஸ்கர் அப்படிப்பட்டவர். டப்பிங் கலைஞராகப் பல வருடம் மற்றவர்கள் முகத்துக்குக் குரல் கொடுத்தவர். 'சின்ன பாப்பா பெரிய பாப்பா' தொடரில் பட்டாபியாக வந்து வீடு வீடாகச் சிரிக்க வைத்தார். அப்புறம் சினிமாவில் அதே கோமாளி முகத்தைத்தான் கேட்டார்கள். 2007-இல் 'மொழி' வந்தது. மகனை இழந்த அதிர்ச்சியில் 1984-லேயே உறைந்துவிட்ட பேராசிரியர். அடுக்குமாடி வீட்டில் எதிர்ப்படுவோரிடம் அந்த வருடத்துச் செய்தியை இன்றைய செய்தியாக அவர் பேசும்போது முதலில் சிரிக்கிறோம். விஷயம் தெரிந்த பிறகு அதே பேச்சு தொண்டையை அடைக்கிறது. சிரிப்பு நடிகர் என்று நாம் வைத்திருந்த நம்பிக்கையை வைத்தே நம்மை அழ வைத்தார். பத்து வருடம் கழித்து '8 தோட்டாக்கள்'. வாழ்க்கையில் தோற்றுப்போன கிருஷ்ணமூர்த்தி உணவகத்தில் உட்கார்ந்து தன் கதையைச் சொல்கிறார். அந்தப் பேச்சு நீளமானது. கேமரா அவரை விட்டு ஓடாமல் கேட்கிறது. இத்தனை வருடம் மற்றவர்களைக் கேட்டுக்கொண்டிருந்தவர் பேச, படம் கேட்கிறது.

விருதுகளின் கதையையும் சொல்லியாக வேண்டும். தேசியத் திரைப்பட விருதுகள் 1954-இல் தொடங்கின. துணை நடிகர், துணை நடிகை என்ற பிரிவுகள் வந்தது 1984-ஆம் ஆண்டுப் படங்களுக்குத்தான். அதாவது பாலையா, ரங்காராவ், எம்.ஆர். ராதா என்று ஒரு தலைமுறையின் உச்ச வேலை முழுவதும் அந்தப் பிரிவு இல்லாத காலத்திலேயே முடிந்துவிட்டது. தமிழுக்குத் துணை நடிகர் விருது நாகேஷ் வழியாக 'நம்மவர்' (1994) படத்துக்கு வந்தது. அறுபதுகளில் 'சர்வர் சுந்தரம்', 'நீர்க்குமிழி', 'எதிர்நீச்சல்' என்று நாயகனாகவும் நின்று பார்த்தவர், மகளைப் பறிகொடுத்த தகப்பனாக நடித்ததற்கு அறுபது வயதைத் தாண்டித் தேசிய விருது பெற்றார். அதே 1994-இல் 'மகளிர் மட்டும்' படத்தில் பிணமாக நடித்திருந்தார். வசனம் இல்லை, அசைவு இல்லை, கண் திறக்கக் கூடாது. உடம்பைத் தூக்கிப் போடும்போதும் சாய்க்கும்போதும் அது பிணத்தின் எடையோடு விழ வேண்டும். தமிழின் மிக வேகமான உடம்பு அது. அந்த உடம்பை முழுசாக நிறுத்திவைத்துச் சிரிக்க வைத்தார். விருதை நடுவர்கள் 'நம்மவர்' படத்துக்குக் கொடுத்தது நியாயம்தான், நான் இரண்டையும் சேர்த்தே நினைத்துக்கொள்கிறேன்.

அவருக்குப் பின் 'இருவர்' (1997) பிரகாஷ்ராஜ், 'மைனா' (2010) தம்பி ராமையா, 'அழகர்சாமியின் குதிரை' (2011) அப்புக்குட்டி, 'விசாரணை' (2015) சமுத்திரக்கனி என்று வரிசை நீள்கிறது. இதில் பிரகாஷ்ராஜையும் அப்புக்குட்டியையும் பார்த்தால் ஒன்று தெரியும்: அவர்கள் அந்தப் படங்களில் கதையின் பாதியைத் தூக்கியவர்கள். போஸ்டரில் யார் பெயர் பெரிது, சந்தையில் யாருக்கு விலை என்பதை வைத்துத்தான் 'துணை' முடிவாகிறது போல.

2023-இல் வந்த 'பார்க்கிங்' இதை இன்னும் பச்சையாகக் காட்டியது. ஒரே வீட்டின் மாடியில் ஒரு குடும்பம், கீழே ஒரு குடும்பம், கார் நிறுத்த ஓர் இடம். மாடியில் இளைஞனாக ஹரிஷ் கல்யாண். கீழே பத்து வருடமாகக் குடியிருக்கும் அரசு அதிகாரி இளம்பரிதியாக எம்.எஸ். பாஸ்கர். லஞ்சம் வாங்காதவர், சிக்கனக்காரர், வீட்டாரை அடக்கி வைத்திருப்பவர். தன் நேர்மையே தன்னை யாரும் எதிர்க்கக் கூடாது என்ற ஆணவமாக மாறிப்போனது அவருக்கே தெரியாது. சின்ன உரசல் வெறியாக வளர வளர, அந்த ஆளின் முகம் நம் அக்கம்பக்கத்தில் தினமும் பார்க்கும் முகமாகவே இருக்கிறது, அதுதான் பயம். படத்தின் இரண்டு தட்டுகளில் ஒன்று முழுக்க அவர் கையில். 71-ஆவது தேசியத் திரைப்பட விருதுகளை 2025 ஆகஸ்டில் அறிவித்தபோது அவருக்கும் விருது இருந்தது. மலையாள நடிகர் விஜயராகவனோடு பகிர்ந்துகொண்ட, சிறந்த துணை நடிகருக்கான விருது.